உப்புக் கைக்கு ஓர் ஆட்டம்

அந்த அட்டையைத் தொங்கவிடும்போது பிரபாகரனுக்குக் கை கூசியிருக்க வேண்டும். கூசவில்லை. பிஸ்கட் பெட்டியைக் கிழித்து, ஸ்கெட்ச் பேனாவால் எழுதி, சணல் கட்டி, கேம் கடைக் கதவில் மாட்டியும் விட்டான். "உப்பளத்தில் வேலை செய்பவர்கள் ஜாய்ஸ்டிக்கைத் தொடக் கூடாது. இப்படிக்கு, நிர்வாகம்." நிர்வாகமாம் நிர்வாகம்! ஒரு டி.வி., கோட்டக்குப்பத்தில் துபாய்க்காரர் வீட்டிலிருந்து வாங்கிய ஒரு கேம் பெட்டி, இரண்டு ஜாய்ஸ்டிக், கிரீச்சிடும் ஒரு ஃபேன். இதற்கு ஒரு நிர்வாகம்.

தையல்நாயகி அதை வெள்ளிக்கிழமை முற்பகல் வெயிலில் படித்தாள். விடியுமுன்னே பாத்தியில் இறங்கி, உப்பு வாரிக் கரையில் குவித்துவிட்டு, முழங்கால்வரை வெள்ளை பூத்த காலோடு வந்து நின்றவள். முதலில் அது தனக்கில்லை என்றுதான் நினைத்தாள். இரண்டாவது முறை படித்தபோதுதான் அது தனக்குத்தான் என்று தெரிந்தது. தொடக் கூடாது என்ற சொல் அவளுக்குப் புதிதல்ல. அவள் அம்மா கேட்டது, அம்மாவின் அம்மா கேட்டது. டவுனில், மின்சார ஃபேனுக்குக் கீழே, மெம்பர் கார்டு வாங்கிய கடையிலும் அது வந்து குந்தியிருக்கும் என்று அவள் நினைக்கவில்லை.

ஆமாம், தையல்நாயகி மெம்பர். சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். கல்யாணமான பொம்பளை, உப்பளத்து வேலைக்காரி, டி.வி. பெட்டிக்குள் கார் ஓட்டுகிறாள் என்று பஸ் ஸ்டாண்டே சிரித்து ஓய்ந்த விஷயம்தான் அது.

அவள் அந்தக் கடைக்குள் போனது ஆட அல்ல, ஃபேனுக்காக. வேலை முடிந்தால் ஊர் பஸ் வரும்வரை நிற்க பஸ் ஸ்டாண்டில் நிழல் கிடையாது. பிள்ளைகள் பள்ளிக்கூடம் போய்விடுவதால் அந்த நேரத்தில் பிரபாகரன் கடையில் ஈ ஓட்டுவான். "சும்மா குந்தக் கூடாதுக்கா, ஆடினாதான் ஃபேன் போடுவேன்" என்றான். "இன்னாத்த ஆடறது?" என்றாள். கார் ரேஸ் போட்டுக் கையில் ஜாய்ஸ்டிக்கைக் கொடுத்தான். முதல் நாள் கார் சுவரில் முட்டிக்கொண்டே நின்றது. இரண்டாம் நாளும் அப்படித்தான். மூன்றாம் நாள் அவள் ஃபேனை மறந்து போனாள், பஸ்ஸையும் விட்டாள்.

பிறகு அவளே மாச மெம்பர் ஆனாள். பின்னாலேயே ராசம்மாள் வந்தாள். அவளோடு பாத்தியில் வேலை செய்கிறவள், வாய் மட்டும் ஊருக்கு முன்னே போகும். அப்புறம் உப்பு மூட்டை ஏற்றுகிற ஆட்கள் நாலைந்து பேர். பகலில் காலியாகக் கிடந்த கடை இவர்களால்தான் நிமிர்ந்தது. கைப்பம்பில் கையைக் கழுவி, முந்தானையில் துடைத்துக்கொண்டுதான் ஆடுவார்கள். யாரும் சொல்லிக் கொடுத்ததல்ல, அது அவர்களுக்கே உள்ள பழக்கம்.

மெம்பர்களுக்கு ஒரு விசேஷம் உண்டு. மாதத்தின் முதல் ஞாயிறு பிரபாகரன் பாண்டியிலிருந்து புது கேம் சி.டி. கொண்டுவருவான். அன்றைக்கு மெம்பருக்கு மட்டும்தான் ஆட்டம், அதுவும் இலவசம். கார்டு எண் வரிசைப்படி ஆளுக்கு ஓர் ஆட்டம். அந்த ஓசி ஆட்டத்துக்கு ஞாயிறு காலை கூட்டம் கதவைப் பிடுங்கும். தையல்நாயகியின் கார்டு நாலாம் எண். போன மாதம் அவள் முறைக்கு எழுந்து வந்தபோது கடையே வாயை மூடிக்கொண்டு பார்த்தது. அதை நினைத்துக்கொண்டுதான் அவள் ஒரு மாதம் உப்பு வாரினாள். வெயில் தலையைப் பிளக்கும்போதெல்லாம் ஞாயிறு, ஞாயிறு என்று மனதுக்குள் சொல்லிக்கொள்வாள்.

கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனாள்.

"இன்னாப்பா பிரபா, வெளியில இன்னாவோ தொங்குது?"

பிரபாகரன் நல்லவன்தான். கெட்டவனாக இருக்கும் அளவுக்கு அவனுக்குத் துணிச்சல் போதாது. தலையைச் சொறிந்தான். "கோச்சிக்காதக்கா. ஜாய்ஸ்டிக் பட்டன் சிக்கிக்கிச்சு. கலியன் அண்ணன் கழட்டிப் பாத்தாரு. உள்ள வெள்ளையா தூளு. உப்புக் கை பட்டுத்தான் இப்படின்னு சொல்லிட்டாரு. நாளைக்கு இன்னொன்னும் போச்சுன்னா நான் கடையை மூட வேண்டியதுதான்."

கலியன் உரக்கடையில் கணக்கு எழுதுகிறவன். முழுக்கைச் சட்டை, சென்ட்டு, மூன்றாம் எண் கார்டு. அவன் சொன்னால் பிரபாகரனுக்கு அது கலெக்டர் உத்தரவு.

"அப்ப எங்க கார்டு?"

"கார்டு இருக்கட்டும்க்கா. வந்து குந்துங்க, பாருங்க, யாரு வேணாம்னா? தொடறதுதான் வேணாங்கறேன்." பிறகு குரலைத் தாழ்த்திக் குழைந்தான். "ஞாயித்துக்கிழமை புது கேமு பனிமலை ரேஸு. நீ பக்கத்துல குந்திக்கினு டிப்ஸ் மட்டும் சொல்லுக்கா. டீ வாங்கித் தரேன்."

அங்கேதான் அவளுக்குச் சுரீரென்றது. சுவரில் ஒரு கரும்பலகை. "பிரபா டிப்ஸ்" என்று மேலே கொட்டை எழுத்து. "பாலத்துக்கு முன்னாடி ஸ்பீடைக் குறை. சுரங்கத்தில் இடப்பக்கமே போ. கடைசி ரவுண்டு வரைக்கும் டர்போவை அமுக்காதே." அத்தனையும் பகல் நேரத்தில் அவள் ஆடி, முட்டி, விழுந்து கண்டுபிடித்தவை. சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு வருகிற பையன்கள் அதைப் பார்த்துத்தான் ஜெயித்தார்கள். தன் பேர் இல்லையே என்று அவள் அன்றைக்குக் கேட்கவில்லை, போகிறான் போ என்று சிரித்திருந்தாள்.

"வாய் மட்டும் வோணும், கை வோணாமா?" என்றாள். பதிலுக்கு நிற்கவில்லை. நின்றிருந்தால் அழுதிருப்பாள், அவனுக்கு முன்னால் அழ அவளுக்கு இஷ்டமில்லை.

வீட்டில் அவள் புருஷன் ஐயப்பன் சோற்றைப் பிசைந்துகொண்டே, "வுடு புள்ள, ஒரு வெளாட்டு சாமான். அதுக்குப் போயி ஊரோட வம்பா?" என்றான். அவனும் மூட்டை தூக்குகிறவன், அவனும் மெம்பர்.

"வெளாட்டுலயே தொடாதன்னு சொல்றான்யா. நாளைக்கு வேற எதுலதான் வுடுவான்?"

ஐயப்பன் பிசைவதை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தான். எழுந்துபோய்க் கையைக் கழுவினான். பாதிச் சோறு தட்டிலேயே இருந்தது.

ஞாயிற்றுக்கிழமையும் உப்பளத்துக்கு லீவு கிடையாது. கடைசிப் பாத்தியை வாரி முடித்ததும் ராசம்மாள் சோப்புக்கட்டி ஒன்றை நீட்டினாள். "இந்தா, நல்லா தேய்ச்சிக் கழுவிக்கினு போ. அவன் மூக்குல வெச்சாலும் ரோசாப்பூ வாசம் வரணும்."

தையல்நாயகி வாங்கவில்லை. "எப்பவும் கழுவிட்டுத்தானே போறேன்? யாராச்சும் கண்டாங்களா? இன்னிக்குக் கழுவ மாட்டேன். அவன் அட்டை எழுதிட்டான்னு நான் கழுவினேன்னு ஆவட்டுமா?"

"அடி ஆத்தாடி! அப்ப நானும் கழுவல" என்று சோப்பைத் தூக்குச் சட்டியில் போட்டு மூடினாள் ராசம்மாள். உப்பு வாரும் பலகையைக் கரையில் வைத்துவிட்டு இருவரும் அப்படியே நடந்தார்கள். மூட்டை ஏற்றுகிற ஆட்கள் என்னவென்று கேட்டு, பிறகு கேட்காமலே பின்னால் வந்தார்கள். பஸ் ஸ்டாண்டுக்கருகில் பார்த்தால் ஐயப்பன் நிற்கிறான். வேட்டியை மடித்துக் கட்டியிருந்தான்.

"நீ ஏன்யா வந்த?"

"நானும் மெம்பர்தானே" என்றான் அவன்.

கடை நிரம்பி வழிந்தது. திரையில் வெள்ளை வெளேரென்று மலை, அதைச் சுற்றி வளைந்து ஏறும் சாலை. தையல்நாயகி வாசலிலேயே நின்று ஒரு நொடி எல்லாவற்றையும் மறந்தாள். பனியைக் கண்ணால் பார்த்ததில்லை. அவளுக்கு அது கரையில் குவித்த உப்பு அம்பாரம் போலத்தான் இருந்தது. கலியன் ஆடிக்கொண்டிருந்தான். ஆடினான் என்றா சொல்வது? மூன்றாவது திருப்பத்தில் பிரேக் போட்டான், கார் வழுக்கிப் பள்ளத்தில் விழுந்தது. எழுந்து வந்து மறுபடி அதே திருப்பம், அதே பிரேக், அதே பள்ளம். ஆட்டம் முடிந்தது.

பிரபாகரன் நோட்டமிட்டான். நாலாம் எண் வாசலில் நிற்பது தெரிந்தது. அவள் கையில் வெள்ளை பூத்திருந்ததும் தெரிந்தது. தொண்டையைச் செருமிக்கொண்டு, "அஞ்சாம் நம்பர்" என்றான்.

"நாலு எங்கப்பா போச்சு?" என்றாள் தையல்நாயகி.

கடை திரும்பிப் பார்த்தது. அவள் உள்ளே வந்தாள். கதவில் தொங்கிய அட்டையைக் கழற்றிக் கையிலேயே எடுத்துவந்தாள்.

"அக்கா, அதான் சொன்னேனே..."

"நீ சொன்ன. நான் ஒத்துக்கினேனா?"

கலியன் முகத்தைச் சுளித்தான். "இன்னாம்மா இது, கையெல்லாம் உப்போட வந்து நிக்கற. மெஷின் அது. உப்பு பட்டா போயிடும். படிச்சவங்க சொன்னா கேக்கணும்."

"கேக்கறேன். உப்புக் கை தொடக் கூடாது, அதானே சட்டம்? சரி, சட்டம்னா எல்லாருக்கும் சட்டம்." தையல்நாயகி கூட்டத்தைச் சுற்றிப் பார்த்தாள். "எல்லாரும் அவங்கவங்க உள்ளங்கையை நக்கிப் பாருங்க. எவன் கையில உப்பு இல்லியோ அவன் வந்து ஆடட்டும். நான் கார்டைக் கிழிச்சிப் போட்டுட்டுப் போறேன்."

பின்வரிசையில் யாரோ சிரிப்பை அடக்கிக்கொண்டு நக்கிப் பார்த்தான். "டேய், கரிக்குதுடா!" என்றான். பக்கத்தில் நின்றவனும் பார்த்தான். ஆடி மாச வெயிலில், அத்தனை பேர் அடைந்த அறையில், கடல்காற்று நாள்பூரா உப்பை அள்ளித் தூவுகிற ஊரில் யார் கை இனிக்கும்? ஒருவர் பின் ஒருவராக, வெட்கத்தோடும் கெக்கலிப்போடும், கடையே உள்ளங்கையை நக்கியது. மளிகைக்கடைக்காரர் நக்கினார். டியூஷன் வாத்தியார் திரும்பி நின்று நக்கினார்.

"நீ?" என்றாள் பிரபாகரனிடம். அவன் விரல் நுனியை நாக்கில் வைத்தான். முகம் போன போக்கே பதில் சொன்னது.

"கலியன் சாரு இன்னும் பாக்கலியே" என்றாள் ராசம்மாள். "அவரு எப்படிப் பாப்பாரு, கையிலதான் பொட்டலம் இருக்குதே!"

அப்போதுதான் எல்லோரும் பார்த்தார்கள். கலியன் கையில் உப்புக்கடலைப் பொட்டலம். அதைக் கொறித்துக்கொண்டே ஆடுவதுதான் அவன் வழக்கம். கடை சிரித்த சிரிப்பில் ஓடு பெயர்ந்திருக்கும்.

கலியன் காதுவரை சிவந்து, பொட்டலத்தைக் கீழே வைத்தான். மற்றக் கையை நக்கினான். மென்று முழுங்கி, "இது வேர்வை" என்றான்.

"எங்க கையில இருக்கறதும் பாதி வேர்வைதாம்பா" என்றாள் தையல்நாயகி.

அதற்கப்புறம் யாரும் சிரிக்கவில்லை. ஐயப்பன் வாசலில் நின்று தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் கண் கலங்கியிருந்ததை அவள் மட்டும் கண்டாள்.

அட்டையை இரண்டாகக் கிழித்து பிரபாகரனின் மேஜைமேல் வைத்தாள். பிறகு ஒருவரும் எதிர்பாராத வேலை ஒன்று செய்தாள். வெளியே போனாள், கைப்பம்பை அடித்தாள், இரண்டு கையையும் தேய்த்துத் தேய்த்துக் கழுவினாள். ராசம்மாள் வாயைப் பிளந்தாள். "எம்மா, கழுவ மாட்டேன்னியே?"

"அவன் சொல்லிக் கழுவ மாட்டேன்னேன். மெஷினு இன்னா பாவம் பண்ணிச்சு? அது எனக்கும் வோணும்." முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே குரல் கொடுத்தாள். "ஏம்பா, கழுவிட்டுத்தான் தொடணும்னா எல்லாரும் கழுவணும். வாங்க வரிசையா. கடலைக்காரரு மொதல்ல வாங்க."

மளிகைக்கடைக்காரர் எழுந்தார். வாத்தியார் எழுந்தார். பம்பு அடிக்க ஐயப்பன் நின்றான். கலியன் முழுக்கைச் சட்டையை மடித்துவிட்டு வந்து குனிந்தபோது ஐயப்பன் பம்பைக் கூடுதலாக இரண்டு அடி அடித்தான். சட்டையெல்லாம் நனைந்தது. தெரியாமல் அடித்ததாகத்தான் ஐயப்பன் இன்றைக்கும் சொல்கிறான்.

பிரபாகரன் ஜாய்ஸ்டிக்கை நீட்டினான். "நாலாம் நம்பர்" என்றான், எல்லோருக்கும் கேட்கும்படி.

அவள் ஜெயித்தாள் என்று சொல்ல ஆசைதான். இல்லை. முதல் ரவுண்டில் அவளும் பள்ளத்தில் விழுந்தாள். இரண்டாவதில் மூன்றாம் திருப்பம் வந்தபோது பிரேக்கைத் தொடவே இல்லை. ஆக்சிலரேட்டரை மட்டும் விட்டுவிட்டு, கார் எந்தப் பக்கம் வழுக்கியதோ அந்தப் பக்கமே மெல்லத் திருப்பினாள். கார் பனியில் ஒரு கோடு கிழித்துக்கொண்டு நிமிர்ந்தது. கடை "ஓ!" என்றது. கடைசியில் மூன்றாவதாக வந்து எழுந்தாள். முகத்தில் அப்படி ஒரு சிரிப்பு.

பிரபாகரன் அதற்குள் சாக்பீஸோடு கரும்பலகைக்குப் போய்விட்டான். "அக்கா, மூணாவது திருப்பத்துல பிரேக்கைத் தொடாம, அப்புறம் இன்னா பண்ண?"

"சொல்றேன். மொதல்ல மேல இருக்கற பேரை அழி."

அவன் அழித்தான். டஸ்டர் கிடைக்காமல் உள்ளங்கையாலேயே அழித்தான்.

"இப்ப எழுது. தையல்நாயகி. 'கி' வுட்றாத."