தாய்மாமனும் சித்தப்பாவும் ஒரே ஆள்

ஏனோக் சார் காலேஜில் கெமிஸ்ட்ரி எடுக்கிறவர். எந்தக் கேள்விக்கும் நேராகப் பதில் சொல்ல மாட்டார், அது அவருடைய தொழில் வியாதி. அந்த வாரம் பைகார்பனேட் அயனியைப் பற்றிப் பாடம். "சார், அது ஆசிட்டா, பேஸா? பரீட்சையில எதை எழுதுறது?" என்று ஒரு மாணவி கேட்டதற்கு, "எதிர்ல யாரு நிக்கிறாங்கன்னு பாத்து எழுதும்மா" என்றார். எதிரில் ஆசிட் நின்றால் அதனிடம் ஒரு புரோட்டானை வாங்கிக்கொள்ளும், அப்போது அது பேஸ். பேஸ் நின்றால் தன் புரோட்டானைக் கொடுத்துவிடும், அப்போது அது ஆசிட். ஒரே ஆளுக்கு இரண்டு வேலை. இதைச் சொல்லிவிட்டுத் தன் சாமர்த்தியத்தைத் தானே மெச்சிக்கொண்டு வீட்டுக்குப் போனார். வாய்க்கொழுப்பு சும்மா விடுமா? ஞாயிற்றுக்கிழமையே மாட்டிக்கொண்டார்.

அன்று ஊரிகத்தில் அவருடைய அக்கா ஜெயசீலியின் மகள் பியூலாவுக்கு நிச்சயதார்த்தம். மாப்பிள்ளை ஸ்டீபன், மாரிகுப்பம். வேறு யாருமில்லை, ஏனோக் சாரின் மனைவி மரியகுழந்தையின் அக்கா மகன்தான். சம்பந்தம் பேசி முடித்ததே சார்தான். தங்கச் சுரங்கத்தை மூடப்போகிறார்கள் என்று ஊரெல்லாம் பேச்சு, அதற்குள் பெண்ணைக் கரையேற்றிவிட வேண்டும் என்று பியூலாவின் அப்பா ராஜப்பாவுக்குத் தவிப்பு.

சுரங்கத் தொழிலாளர்களுக்கு வரிசையாகக் கட்டிய லைன் வீட்டு வாசலில் ஷாமியானா போட்டு, எதிரெதிராக இரண்டு ஜமுக்காளம் விரித்திருந்தார்கள். பாஸ்டர் ஜெபம் செய்து முடித்தார். அடுத்தது தட்டு மாற்றுவது. பெண்ணின் தாய்மாமன் தட்டைக் கொடுக்க, மாப்பிள்ளையின் அப்பா வாங்க வேண்டும். ஸ்டீபனுக்கு அப்பா இல்லை. அப்பா இல்லாத இடத்தில் சித்தப்பா. அந்தச் சித்தப்பா யார்? சாட்சாத் ஏனோக் சார்! பேசி முடித்த மகானுபாவருக்கு அந்த நிமிஷம் வரைக்கும் இது உறைக்கவே இல்லை.

"ஏனோக்கு, இங்க வந்து ஒக்காருடா" என்றாள் ஜெயசீலி.

"இன்னாங்க, அங்க இன்னா வேலை உங்களுக்கு? புள்ளைக்கு அப்பன் எடத்துல நீங்கதான்" என்று எதிர் ஜமுக்காளத்திலிருந்து மரியகுழந்தை.

"வேற யாராவது வாங்கிக்கட்டுமே" என்று சார் இழுத்தார்.

"ரோட்டுல போறவனக் கூப்ட்டு ஒக்கார வெக்கிறதா? அப்பன் இல்லாத புள்ளன்னு எளக்காரமா?" என்றாள் மரியகுழந்தை.

"அப்ப வேற யாராவது குடுக்கட்டும்."

"தாய்மாமன் நீ குத்துக்கல்லாட்டம் இருக்கும்போது இன்னொருத்தன் குடுக்கிறதா? என் பொண்ணு இன்னா அனாதையா?" என்று ஜெயசீலி சீறினாள்.

மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி என்பது இதுதான். மாப்பிள்ளையின் அம்மா முந்தானையால் மூக்கைத் துடைத்தாள். மாரிகுப்பத்துக்காரர் ஒருவர், அடுத்த வண்டி எத்தனை மணிக்கு என்று வேண்டுமென்றே உரக்க விசாரித்தார். பியூலாவுக்குக் கண் கலங்கிவிட்டது. ஸ்டீபனின் புதுச்சட்டை வேர்வையில் முதுகோடு ஒட்டிக்கொண்டது.

ராஜப்பா சுரங்கத்தில் கேஜ், அதாவது ஆட்கள் போகிற கூண்டை, ஏற்றி இறக்குகிறவர். "மச்சான், கேஜுன்னா ஒண்ணு மேல போவணும், இல்ல கீழ போவணும். நடுவுல தொங்குனா உள்ள கீறவன் கதி இன்னா? நீ எந்தப் பக்கம், சொல்லு" என்றார்.

"ரெண்டு பக்கமும் மாமா. நிரூபிச்சுக் காட்டறேன்" என்றார் சார். கேட்டது ஒரு வார்த்தை, மனுஷன் கிளம்பியது பரிசோதனைக்கு! சமையல்காரரிடம் அதே பைகார்பனேட் இருக்கிற சோடா உப்பும் எலுமிச்சம்பழமும் வாங்கினார். வெற்றிலைத் தட்டிலிருந்து சுண்ணாம்பை எடுத்தார். இரண்டு டம்ளரில் சோடா உப்பைக் கரைத்தார்.

முதல் டம்ளரில் எலுமிச்சையைப் பிழிந்தார். நுரை பொங்கி வேட்டியில் வழிந்தது. "பாத்தீங்களா? எலுமிச்சை ஆசிட். அதுகிட்டேயிருந்து வாங்கிக்கிச்சு!" மாப்பிள்ளை வீட்டார் கை தட்டினார்கள்.

இரண்டாவது டம்ளரில் சுண்ணாம்பைப் போட்டுக் கலக்கினார். வெள்ளையாகக் கலங்கியதே தவிர, ஒரு குமிழிகூட வரவில்லை. "சுண்ணாம்பு பேஸ். அதுக்குக் குடுத்துடுச்சு" என்றார்.

ஜெயசீலி டம்ளருக்குள் எட்டிப் பார்த்தாள். "எங்க?"

"அது கண்ணுக்குத் தெரியாதுக்கா."

ஜெயசீலி இடுப்பில் கை வைத்தாள். "அந்தப் பக்கம் வாங்கும்போது மட்டும் பொங்கிகினு வருது, எங்களுக்குக் குடுக்கும்போது கண்ணுக்குத் தெரியாதா? கல்யாணம் ஆனதுலேர்ந்து நீ பண்றதைத்தாண்டா ரெண்டு டம்ளர்ல காட்டிக்கீறே!"

ஷாமியானாவே சிரித்தது. சாருக்குச் சுருக்கென்று தைத்தது. தான் தூக்கி வளர்த்த பியூலாவுக்காக ஒரு நாளும் வாய் திறந்து எதுவும் சொன்னதில்லையே என்று தோன்றியது. டம்ளர்களைத் தள்ளிவிட்டுப் பெண் வீட்டு ஜமுக்காளத்தில் உட்கார்ந்தார். தட்டைத் தலைக்கு மேல் தூக்கினார்.

"எல்லாரும் கேட்டுக்குங்க! நான் பியூலாவோட தாய்மாமன்! எங்க வீட்டுத் தங்கத்தைக் குடுக்கிறேன்! கண்ணுல தண்ணி வரவெச்சீங்கன்னா நான் சும்மா இருக்க மாட்டேன்!" என்று கடைசி லைன் வரைக்கும் கேட்கும்படி கத்தினார். கத்தி முடிப்பதற்குள் 'ஓ'வென்று அழுதும்விட்டார். தட்டை நடுவில் வைத்தார். எழுந்து, பாஸ்டரைச் சுற்றிக்கொண்டு போய், எதிர் ஜமுக்காளத்தில் உட்கார்ந்தார். தொண்டை கரகரக்க, "வாங்கிக்கிறேன்" என்று முனகி அதே தட்டை எடுத்துக்கொண்டார்.

"ஆச்சு!" என்றார் ராஜப்பா. பாஸ்டர் ஆமென் சொல்லிவிட்டார்.

மரியகுழந்தை விடவில்லை. "இன்னாங்க இது? குடுக்கும்போது ஊரைக் கூட்டுனீங்க, வாங்கும்போது வாயில கொழுக்கட்டையா? எங்க புள்ளைக்கு ஒரு நல்ல வார்த்தை சொன்னா இன்னா?"

சார் உதவிக்கு அக்காவைப் பார்த்தார்.

"நல்லா கேளு மரியா! எழவு வீட்டாட்டம் அழுதுகினு தட்டைக் குடுப்பாங்களா? இவனுக்கு எதுவும் ஒழுங்கா வராது" என்றபடி ஜெயசீலி எழுந்து வந்து மரியகுழந்தையின் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"வீட்லயும் அப்டித்தான் அண்ணி. சொன்னா நம்ப மாட்டீங்க."

"நான் நம்பாம யாரு நம்புவா? சொல்லு."

மாப்பிள்ளையின் அம்மாவும் நகர்ந்து வந்தாள். மூன்று பேரும் வெற்றிலையை மடித்து வாயில் போட்டுக்கொண்டு சாரின் குறைகளை ஒவ்வொன்றாக எடுத்து அலச ஆரம்பித்தார்கள். வண்டி நேரத்தை யாரும் கேட்கவில்லை. பியூலா ஸ்டீபனைப் பார்த்துச் சிரித்தாள்.

"நான் ஒண்ணு சொல்லட்டுமா?" என்று சார் நடுவில் வந்தார்.

"போடா அந்தப் பக்கம்!" என்றாள் ஒருத்தி. "போங்க அந்தப் பக்கம்!" என்றாள் இன்னொருத்தி.

பெண் வீட்டாரும் இந்தப் பக்கமே வந்துவிட, எதிர் ஜமுக்காளம் காலியாகக் கிடந்தது. ஏனோக் சார் போய் அதில் காலை நீட்டி உட்கார்ந்தார். தன்னைத் திட்டுகிற அந்த மூன்று பேரையும் பார்க்கப் பார்க்க அவருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை.