காத்தாயியின் மாட்டுச் சேலை

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்தெட்டில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, பாலைக் கறந்து வைத்துவிட்டுக் குன்னத்துக்கு என்று பஸ் ஏறிய காத்தாயி திரும்பி வரவில்லை. சண்டை இல்லை, சச்சரவு இல்லை. கேட்டவர்களிடமெல்லாம், "பாடாலூர்ல அண்ணன் வூட்டுக்குப் போயிருக்கா" என்றார் புருசன் நடராசன். அந்த அண்ணனே வந்து, "தங்கச்சி எங்க மாப்ள?" என்று கேட்டுவிட்டுப் போயிருந்தார்.

வீட்டில் யாரும் அழவில்லை. மகள் செங்கமலம் உலை வைத்தாள். அப்பாவும் அண்ணன் செல்லதுரையும் தின்றார்கள். தட்டைக் கழுவினாள். அந்த வம்சத்தில் காலேஜ் முடித்த முதல் ஆள் அவள். திங்கட்கிழமை அரியலூரில் ஓர் ஆபீசில் வேலைக்குச் சேர வேண்டும். தங்குவதற்கும் அங்கேயே இடம் பார்த்தாகிவிட்டது. அதைப் பற்றி இப்போது எவரும் வாய் திறப்பதில்லை.

மாடு மட்டும்தான் காத்தாயியைத் தேடியது. வேறு யார் கை வைத்தாலும் உதைத்தது, பாலை விடாமல் எக்கிக்கொண்டது.

"மடி கல்லாட்டம் கெடக்கு. உங்கம்மா பொடவயக் கட்டிக்கிட்டு உக்காரு. வாசத்துக்கு விட்டுரும்" என்றார் நடராசன்.

அந்தப் பக்கத்தில் எல்லாரும் செய்வதுதான். கொடியில் சாணிக் கறையோடு கிடந்த அம்மாவின் சேலையைச் செங்கமலம் தன் சேலைக்கு மேலேயே சுற்றிக்கொண்டாள். மாடு முகர்ந்தது, கையை நக்கியது, பால் விட்டது.

சேலையை அவிழ்க்கத் தோன்றாமல், செம்போடு அப்படியே உள்ளே வந்தாள்.

"வெந்நி காஞ்சிருச்சா?" என்றார் அப்பா, தலையைத் தூக்காமல். செல்லதுரை சட்டையை நீட்டினான். "பித்தான் தச்சு வையி."

அப்பாவே தொடர்ந்தார். "அரியலூரு கிரியலூருல்லாம் இனிமே எதுக்கு? மாடுதான் ஒங்கிட்ட பழகிருச்சுல்ல."

தனக்குக் கோபம் வரும் என்று செங்கமலம் நின்று பார்த்தாள். அதுவும் வரவில்லை. சேலையை உருவி அவர் தோளில் போட்டாள்.

"சேலகிட்டதாம்ப்பா பழகியிருக்கு. நீ கட்டிக்க."

"ஆம்பளயப் பொடவ கட்டச் சொல்றியா? ஊரு சிரிக்கும்டி" என்றான் செல்லதுரை.

"மாடு சிரிக்காது."

திங்கட்கிழமை விடிந்ததும் பையோடு கொட்டகையைத் தாண்டினாள். நடராசன் தலையோடு சேலையைப் போர்த்திக்கொண்டு குத்தவைத்திருந்தார். மாடு அவர் தோளை முகர்ந்து, நக்கிக்கொண்டிருந்தது. செம்பில் பால் இறங்கும் சத்தம் கேட்டது.

அவர் திரும்பாமலே கேட்டார். "உங்கம்மா இதுகிட்ட என்னமோ பேசிக்கிட்டேதான் கறப்பா. என்னத்தப் பேசுவா?"

செங்கமலம் யோசித்துப் பார்த்தாள்.

"தெரியலப்பா" என்றாள். பஸ்ஸுக்கு நேரமாகியிருந்தது.