ஐவியின் கல்

அம்மாவுக்குக் குழி தோண்ட, அப்பாவின் கல்லறையை ஒட்டியிருந்த கல்லுக்கு அந்தப் பக்கம் தம்பி டாயில் மண்வெட்டியை ஊன்றியதும் வெர்னா கையை நீட்டித் தடுத்தாள்.

"அங்க இல்லடா. கல்லை எடுத்துட்டு அந்த இடத்துலயே தோண்டு. அப்பாவ ஒட்டி."

தம்பி நிமிர்ந்தான். கூடத் தோண்ட வந்த இரண்டு பேரும் கையை நிறுத்தினார்கள். கென்டக்கியின் அந்தக் குன்றில் பாதிக் கல்லறைகளில் எழுத்தே கிடையாது. யார் எங்கே கிடக்கிறார்கள் என்பது பெற்றவர்கள் பிள்ளைகளுக்குச் சொல்லி வந்ததுதான்.

"அக்கா, அங்க ஐவி இருக்கா."

"யாருமே இல்ல. நேத்து அம்மாவே சொன்னாங்க."

சுரங்கம் சரிந்து அப்பா செத்த வருடம், ஓபல் அத்தை தன் தம்பிக்குப் பக்கத்து இடத்தைத் தனக்குக் கேட்டாளாம். ஓபல் கேட்டால் மறுக்க அந்த வீட்டில் ஆள் இல்லை. அம்மா ஓடையிலிருந்து ஒரு கல்லைத் தூக்கிவந்து நட்டாள். வயிற்றுப் பிள்ளை குறைமாதத்தில் செத்துப் பிறந்தது, பெண், பேர் ஐவி, இங்கேதான் புதைத்தேன் என்றாள். அப்புறம் அந்தப் பொய்யைத் திரும்ப வாங்க அவளுக்கு வாய் வரவில்லை.

"இடம் பிடிச்சு வெச்சேன்டி. என்னை அங்கயே போட்ருங்க," என்று நேற்றுக் காலை அம்மா வெர்னாவின் கையைப் பிடித்துக் கெஞ்சினாள். மதியம் போய்ச் சேர்ந்துவிட்டாள்.

"வலிக்கு மார்ஃபின் குடுத்திருந்தாங்கல்ல? எதையாவது உளறியிருப்பாங்க," என்றான் டாயில்.

"தெளிவாத்தான் பேசினாங்க. கொஞ்சம் தோண்டித்தான் பாரேன்."

"என் தங்கச்சியவா? பெரியவ பேசற பேச்சா இது?" அவன் குரல் உடைந்தது. "என் பொண்ணுக்கே அவ பேரத்தான் வெச்சிருக்கேன்."

காப்பி கொண்டுவந்திருந்த அந்தப் பெண், ஐவி, முகம் வெளுத்து நின்றாள். "அத்தை, வருஷா வருஷம் நான்தான் அவளுக்குப் பூ வெக்கிறேன்."

அந்த முகத்தைப் பார்த்து மேலே பேச வெர்னாவால் முடியவில்லை. அம்மாவின் கடைசி ஆசையைக் கைவிட்டுவிட்டோம் என்று நெஞ்சு எரிந்தது. ஆனாலும் ஐவியின் கையிலிருந்து காப்பியை வாங்கிக்கொண்டாள். கல்லுக்கு அந்தப் பக்கமே குழி இறங்கியது.

மறுநாள் அடக்கம் முடிந்து, போதகரும் சொந்தங்களும் சாப்பாட்டுக்காகக் கீழே இறங்கினார்கள். டாயில் மட்டும் தொப்பியைக் கையில் பிடித்தபடி அக்காவின் பக்கத்தில் வந்து நின்றான். அழுது ஓய்ந்த முகத்தில் ஒரு நிம்மதி இருந்தது.

"பாரேன்க்கா. பிள்ளைய நடுவுல போட்டுட்டு ரெண்டு பேரும் படுத்திருக்கற மாதிரியே இருக்கு."

வெர்னா அந்த இடைவெளியைப் பார்த்தாள்.

"ஆமாண்டா," என்றாள்.