மழை கிளம்புகிற ஊர்

துணி வாங்கித் தரவில்லை என்று புருஷனோடு சண்டை போட்ட பெண்களைக் கோரிப்பாளையம் நிறையப் பார்த்திருக்கிறது. துணி கொண்டுவந்ததற்காகச் சண்டை போட்டவள் செல்லத்தாய் ஒருத்திதான்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். விருமாண்டி தோளில் ஒரு மூட்டையைச் சுமந்துகொண்டு வந்து நடுவீட்டில் தொப்பென்று போட்டான். அவிழ்த்தால் அத்தனையும் வெள்ளைத்துணி. கெட்டியான, கெஜம் கெஜமான துணி.

"பாருடி! எம்புட்டுத் துணின்னு பாரு. கன்ட்ரோல் கடை வரிசையில இனி நீ நிக்க வேணாம். பிள்ளைகளுக்குச் சட்டை, உனக்கு ரவிக்கை, மெத்தைக்கு உறைகூடப் போடலாம்."

யுத்தம் தொடங்கியதிலிருந்து அவன் வேலை பார்க்கும் மில்லில் ஓடுகிற நூலெல்லாம் பட்டாளத்துக்குப் போய்க்கொண்டிருந்தது. செல்லத்தாயின் சேலையில் ஒட்டுப்போடாத இடம் குறைவு. அதைப் பார்த்துப் பார்த்து மனசு நொந்தவன் அவன்.

"ஏது மாமா இது?" என்று சிரித்துக்கொண்டேதான் அவள் துணியை அள்ளினாள். ஓரத்தில் மடித்துத் தைத்த இடத்தில் விரல் நுழைந்தது. மூங்கில் கழி செருகுகிற உறை. சிரிப்பு அப்படியே நின்றது. நிமிர்ந்து பரணைப் பார்த்தாள். பரண் காலியாக இருந்தது.

"எங்கப்பா எழுதுன சீனுத் திரை எங்க?"

"அதாண்டி இது! நாலு சுருளும் பரண்ல சும்மாதானே கெடந்துச்சு. ஆத்துல வெளுக்குற பேயாண்டிகிட்டப் போட்டேன். பசைச் சாயந்தானே, தண்ணியில விட்டுருச்சு. மூணு வந்தாச்சு. நாலாவதும் சாயங்காலம்..."

அவள் கை ஓங்கியதை எதிர்வீட்டு ரெங்கம்மாள் பார்த்தாள். அடி விழவில்லை. ஆனால் எட்டு வருஷக் குடித்தனத்தில் வாயில் வராத ஒரு வார்த்தை வந்தது.

"நீ மனுசனா?"

அவனை நீ என்று அவள் சொன்னது அதுவே முதல் தடவை.

செல்லத்தாயின் அப்பா நல்லகாமன் செக்கானூரணிப் பக்கத்துச் சம்சாரி. மூன்று வருஷம் மழை பொய்த்ததும் ஏரைப் போட்டுவிட்டு, நாடகக் கம்பெனியில் சீன் எனும் மேடைத்திரைகளுக்குப் படம் எழுதப் போனார். முதலாளி இந்திரசபை எழுதச் சொன்னார். அவர் நாலு திரையில் எழுதியது வேறு ஒரு ஊர். அங்கே மேகங்களைக் கிடை போட்டு ஆடுபோல மேய்த்தார்கள். பனைமரத்தில் மீன் கூடு கட்டியிருந்தது. பெண்கள் கிணற்றில் இறைக்காமல், குடத்தை மேலே வீசி வானத்தில் மொண்டார்கள்.

"இந்திரன் எங்கடா?" என்று முதலாளி கத்தினாராம்.

"ஆடு பத்தப் போயிருக்காரு, மொதலாளி. இது மழை கெளம்புற ஊரு."

அழிக்கச் சொல்வதற்குள் அன்றிரவு முதல் திரை மேடையில் இறங்கிவிட்டது. விசில் அடங்க அரைமணி நேரம் ஆயிற்று. ராஜபார்ட்டு உள்ளேயே காத்துக் கிடந்தான். அதற்குப் பிறகு தெற்கே கரிசல் காட்டிலிருந்து ஜனம் வண்டி கட்டி வந்தது. மழை பார்க்காத ஜனம், மழை கிளம்புகிற ஊரைப் பார்க்க வந்தது. நோட்டீஸில் மட்டும் கம்பெனிப் பெயர்தான். நல்லகாமன் பெயரை ஒருநாளும் அச்சடிக்கவில்லை. பேசும்படம் வந்து கம்பெனி கலைந்தபோது அந்த நான்கு திரைகளோடு ஊர் திரும்பினார். சாகும்போது அவற்றை மகளிடம்தான் கொடுத்தார்.

செல்லத்தாய் வைகைக்கு ஓடினாள். பின்னால் விருமாண்டி, "ஏய், நில்லுடி! தெருவே பாக்குது" என்று கெஞ்சிக்கொண்டே வந்தான்.

ஆற்றுமணலில், வெள்ளாவி அடுப்புக்குப் பக்கத்தில், நாலாவது சுருள் நனையாமல் கிடந்தது; விரிந்த ஓரத்தில் ஒரு மேகம் தெரிந்தது.

"இதை மட்டும் விரிச்சுப் பாத்தேன், தாயி," என்றான் பேயாண்டி. "கை வரல. எளவட்டத்துல தேனூர்லருந்து நடந்துவந்து பாத்த சீனு."

"மத்த மூணையும் ஏன் விரிக்கல?"

"வெளுக்குறவன் விரிச்சா பாப்பான்? சுருட்டுனபடியே ஊறப்போட்டேன்." பேயாண்டிக்கும் சுருக்கென்று வந்தது. "இத்தனை வருசமா உன் வீட்லதானே இருந்துச்சு. நீ ஒரு நாளு விரிச்சுப் பாத்தியா?"

அவள் அந்த மூன்றையும் நினைவில் தேடினாள். மூன்றில் ஒன்றில் மீன்கூடு இருந்தது. ஒன்றில் குடம். இன்னொன்றில்? எவ்வளவு முட்டிமோதியும் நினைவுக்கு வரவில்லை. அவளுக்கே தெரியாதென்றால் இனி உலகத்தில் யாருக்கும் தெரியாது. தன் கன்னத்திலேயே அறைந்துகொள்ளலாம் போல் ஆத்திரம் பொங்கியது.

"அதானே!" விருமாண்டிக்கு உயிர் வந்தது. "நல்லாக் கேளுங்கண்ணே. இவளே பாக்கல. இதுக்குப் போயி என்னைய..."

அவ்வளவுதான். அவள் திரும்பிய வேகத்தில் அவன் இரண்டடி பின்வாங்கினான்.

"நான் பாக்கல. அதுக்கு நான் அழுதுக்கிறேன். நீ என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டியா? எங்கப்பன் பேரை எவனும் நோட்டீஸ்ல போடல. இருந்தது இந்த நாலுதான். அதை எனக்கு ரவிக்கையாக்கிக் கொண்டாந்து சிரிக்கிற! எடு அந்த மூங்கிலை."

"எதுக்கு?"

"எடுன்னா எடு."

உறையில் செருகிய மூங்கிலின் ஒரு முனையைக் கரையோரப் பூவரசில் பேயாண்டி கயிறு போட்டுக் கட்டினான். மறுமுனைக்கு மரம் இல்லை. அதை இரண்டு கையாலும் தூக்கிப் பிடித்துக்கொண்டு விருமாண்டி நின்றான். திரை அவிழ்ந்து விழுந்தது. அவன் அதற்குப் பின்புறம்.

ஆற்றுப் பாலத்தில் போன ஜனம் நின்றது. கோரிப்பாளையம் தர்காவிலிருந்து திரும்பிய சில பேர் கைப்பிடிச் சுவரில் சாய்ந்து எட்டிப் பார்த்தார்கள். ஒரு கட்டைவண்டி நின்றது. வண்டிக்காரன் எழுந்து நின்று விரலை வாயில் வைத்து ஒரு விசில் விட்டான்.

"டேய், நல்லகாமன் சீனுடா!"

செல்லத்தாய் முந்தானையின் ஒட்டுப்போட்ட மூலையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். மேய்கிற மேகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாள், ஒன்றையும் விடாமல்.

நேரம் போயிற்று. மூங்கில் மெல்லத் தாழ்ந்தது.

"செல்லத்தாயி," திரைக்குப் பின்னாலிருந்து குரல் தணிந்து வந்தது. "ஜனமெல்லாம் அப்படி நிக்குதே... எனக்கு இங்கருந்து ஒண்ணுந் தெரியல. என்னதாண்டி இருக்கு அதுல?"

"கையை எறக்காத," என்றாள் அவள்.