பின்பக்கம் உள்ள கொடி

கிர்கிஸ் மலையடிவாரத்துச் சிறுநகரமான அல்மாலு-சாயின் சபைக்காகத் தையல்காரி பெரிசாத் வரைந்த கொடியில் மூன்றே சங்கதிகள்தான். நீலத் துணி, அதன் குறுக்கே வெள்ளைக் கோடாகக் கால்வாய், கம்பத்தை ஒட்டி ஆரஞ்சு வட்டமாக ஓர் ஆப்ரிகாட் பழம். காற்றில் மடிந்து மடிந்து ஆடுகிற துணி சந்தைமுனையில் நிற்பவனுக்கும் புரியவேண்டும் என்றால் அதற்குமேல் எதையும் ஏற்றக்கூடாது.

"வெறும் கோடும் வட்டமும். இதை என் பேரனே போட்டுருவான்," என்றார் சபைத் தலைவர் கச்கின்பாய்.

"அவன் போடுற மாதிரி இருந்தாத்தான் நல்ல கொடி, பைகே. ஒரு தடவை பார்த்தவன் ஞாபகத்துலேர்ந்து திருப்பிப் போடணும்," என்றாள் பெரிசாத். வயதில் மூத்த ஆணை அந்தப் பக்கம் பைகே, அதாவது அண்ணன், என்றுதான் கூப்பிடுவார்கள்.

"நம்ம குறி இல்லாம என்ன கொடி?"

குறி என்றால், அவர் குலத்தார் குதிரைத் தொடையில் போடும் சூட்டுக்குறி. ஒரு நேர்கோடு, உச்சியில் வலப்பக்கம் வளைந்த கொக்கி. மேலத்தெரு முழுக்க அந்தக் குலம்தான். சபையிலும் அவர்கள்தான் அதிகம். கை தூக்கினார்கள், முடிந்தது.

பெரிசாத் விடவில்லை. கைக்குட்டையில் பேனாவை அழுத்திக் கொக்கியை வரைந்து, ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பிப் பிடித்தாள்.

"கொடி சுவத்துல மாட்டுற படம் இல்ல. ரெண்டு பக்கமும் ஆள் நிப்பாங்க. வட்டம் எப்படித் திருப்பினாலும் வட்டம்தான். கொக்கி அப்படியில்ல, பாருங்க."

"பின்பக்கத்தை எவன் பார்க்கப்போறான்?" கைக்குட்டைப் பக்கம் திரும்பாமலே அவர் தேநீர் ஊற்றிக்கொண்டார்.

ஊர்விழாவுக்கு முந்தின நாள் ஒத்திகைக்கு ஏற்றினார்கள். மதியக் காற்று எப்போதும்போலப் பள்ளத்தாக்கிலிருந்து மேலேறி வந்து, கொடியை விரித்துப் பிடித்தது. மேலத்தெருப் பக்கம் கொக்கி வலப்புறம் வளைந்திருந்தது. சந்தைப் பக்கம் இடப்புறம். அது மேலத்தெருவுக்கு ஆகாத கீழத்தெருக் குலத்தின் சூட்டுக்குறி.

சந்தையில் ஒரே கூச்சல். கறிக்கடைக்காரன் ஒருவன் தொப்பியைக் கழற்றி ஆட்டினான். "கச்கின்பாய் பைகே! எங்க குறியை ஏத்திட்டீங்களே, வாழ்க! ஆடு வெட்டுறோம், சாப்பிட வந்துருங்க!"

தலைவரின் முகம் சிவந்துபோனது. "ரெண்டு துணியாத் தைச்சுரு தங்கச்சி. ரெண்டு பக்கமும் நம்ம கொக்கியே இருக்கட்டும்."

"ஒரு பக்கத்துக் கொக்கி மறுபக்கம் நிழலாத் தெரியும். அதை மறைக்க நடுவுல மூணாவது துணி வேணும். அந்தக் கனத்தை எந்தக் காத்தும் தூக்காது பைகே, நனைஞ்ச கம்பளியாத் தொங்கும். இதுக்குத்தான் அன்னிக்கே..."

"அன்னிக்கே விளக்கமாச் சொல்லியிருக்கலாமே!"

பெரிசாத் பையிலிருந்து அந்தக் கைக்குட்டையை எடுத்து அவர் முன்னால் நீட்டினாள்.

"பிரிச்சுரு," என்றார் கடைசியில். "அவனுங்க குறி பறக்குறதுக்கு, ஒண்ணுமே இல்லாம இருக்கட்டும்."

கொடியை இறக்கி மடியில் விரித்துக்கொண்டு தையலைப் பிரித்தாள். கொக்கி பாதி கழன்றதும் மனசு கொஞ்சம் லேசானது. கோடும் வட்டமும் மட்டும் நாளை பறக்கும்.

தலைவர் குனிந்து பார்த்தார்.

"ஏன் தங்கச்சி, இந்தப் பழம் இருக்கே... இது எந்தத் தெருத் தோட்டத்துது?"

கத்தரி நுனி தையலைத் தாண்டி நீலத் துணியிலேயே இறங்கிவிட்டது.