வெள்ளிக்கிழமைப் பொட்டு

ஆத்தா மலையேறிவிட்டாள் என்று தெரிந்ததுமே பூங்காவனம் ஈரத்துணியோடு வந்து நாத்தனார் கன்னியம்மாளின் நெற்றியை அழுத்தித் துடைத்தாள். காலையில் எட்டணா அகலத்துக்கு அங்கே குங்குமம் வைத்தவளும் அவள்தான்.

கன்னியம்மாளுக்குப் பதினேழு வயதில் புருஷன் போய்விட்டான். அதற்கப்புறம் மேனாம்பேட்டில் அண்ணன் மணவாளன் வீட்டுக் கொல்லைதான் அவளுக்கு உலகம். நாலு வருஷத்துக்கு முன் ஓர் ஆடியில் அவள்மேல் அம்மன் வந்தாள். உள்ளங்கையில் கற்பூரம் ஏற்றிச் சோதித்தார்கள். அவள் இமைக்கக்கூட இல்லை. அன்றிலிருந்து வெள்ளிக்கிழமை தெருவே அவள் காலில் விழும். சனிக்கிழமை விடிந்தால் அதே ஜனம், அறுத்தவள் எதிரே வந்துவிட்டாளே என்று திரும்பி நடக்கும். என்ன பக்தியோ!

பட்டாபிராமில் வெள்ளைக்காரப் பட்டாளத்துக்குப் போட்ட ரயில்பாதையில் வேலை பார்க்கும் வீரராகவன், பெண்டாட்டியை இழந்தவன், அவளைக் கட்டிக்கொள்கிறேன் என்று நேரில் வந்து கேட்டான். ஆத்தா இறங்கும் உடம்பில் ஆம்பளை கை படக்கூடாது என்று மணவாளன் அவனை வாசலோடு அனுப்பிவிட்டான். அம்மன் வீடு என்று ஊரில் தனக்குக் கிடைக்கும் முதல் மரியாதையைப் பற்றி மூச்சு விடவில்லை.

கன்னியம்மாளுக்கு அந்த மனிதனைப் பிடித்திருந்தது. ஆனால் அவள் பேச்சு எடுபடுவது வெள்ளிக்கிழமை மட்டும்தான்.

அடுத்த வெள்ளி உடுக்கை அடித்தார்கள். அம்மன் வரவில்லை. வராமலே கன்னியம்மாள் ஆடினாள். கூட்டம் கைகூப்பியது.

"எம் பொண்ணைக் கட்டிப்போட்டு வெச்சிகீறீங்களேடா. அந்த வீரராகவனுக்கே அவளக் கட்டிக் குடுங்க."

உடுக்கை நின்றது. மணவாளன் கற்பூரத்தை எடுத்துவந்து அவள் உள்ளங்கையில் ஏற்றினான். இந்தத் தடவை சுட்டது. ஐயோ, எப்படிச் சுட்டது! பல்லைக் கடித்துக்கொண்டு, அது எரிந்து அணையும்வரை கையை நீட்டியபடியே நின்றாள். கூட்டத்தில் ஒருத்தி கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

மணவாளன் மட்டும் அசையவில்லை. "ஆத்தா ஆம்பள கேப்பாளா? இது பேயி. பேய்க்குந்தான் சூடு தெரியாது."

கூட்டம் தலையாட்டியது. சற்றுமுன் கும்பிட்ட கைகளே வேப்பிலைக்கொத்தை ஒடித்து வந்து அவளை அடித்தன.

எல்லோரும் போனபின் பூங்காவனம் வழக்கம்போல் ஈரத்துணியோடு வந்தாள். கன்னியம்மாள் வெந்த கையாலேயே அவள் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"அறுத்தவளுக்குத்தானே பொட்டு கூடாது அண்ணி? என்னைத்தான் பேயினு சொல்லிட்டீங்களே. பேய்க்கு இன்னா? பொட்டு இருந்துட்டுப் போவட்டும்."

பூங்காவனம் பயந்து துணியைக் கீழே போட்டாள்.

சனிக்கிழமை காலை கன்னியம்மாள் பொட்டோடு தெருக்கிணற்றுக்குப் போனாள். எதிரே வந்தவர்கள் முதல் தடவையாக ஒதுங்கி அவளுக்கு வழிவிட்டார்கள். குடத்தை நிரப்பிக்கொண்டு அவள் அதே வீட்டுக்குத்தான் திரும்பினாள்.