இடது கன்னம்

அப்பாவின் முதுகுக்குப் பின்னால் மூன்றாவது தலையணையைச் செருகிக்கொண்டிருந்தாள் கெஸீனா. வாசல் மணி அடித்தது. வந்தவள் நடிகை ரோஸ்வித்தா. எழுபத்தொரு வயது, கையில் பிளம் கேக். சண்டை போடத்தான் வந்திருக்கிறாள் என்று அம்மா சமையலறையிலிருந்து முணுமுணுத்தாள்.

நாற்பத்தாறு வருஷத்துச் சண்டை அது. ஒளிப்பதிவாளரான அப்பா வோல்க்மார் படப்பிடிப்புக்கு வந்தால் முதல் வேலையாக விளக்குகளை அணைப்பார். ஒரு ஜன்னல் போதும் அவருக்கு. பாபெல்ஸ்பெர்க் ஸ்டூடியோவில் 'நிலவறைக்காரர்' என்றுதான் பெயர். முகமே தெரியவில்லை என்று இயக்குநர்கள் கத்துவார்கள். படம் வந்ததும் பத்திரிகைகள் அந்த இருட்டைத்தான் கொண்டாடும். நாட்டை இரண்டாகப் பிரித்திருந்த சுவர் இடிந்த பிறகு நான்கு வருஷம் வேலையில்லை. அப்புறம் தொலைக்காட்சியில் ஒரு துப்பறியும் தொடர். அதிலும் இன்ஸ்பெக்டரை இருட்டில் உட்காரவைத்து அவருடைய காப்பிக் கோப்பையை மட்டும் மின்னவிட்டார். கெஸீனாவின் கல்யாணத்தில் அவர் எடுத்த படங்களில் மாப்பிள்ளை வீட்டார் ஒருவரையும் அடையாளம் தெரியாது. மாமியார் இன்னும் சொல்லிக் காட்டுகிறார். போன வாரம் மருத்துவமனைப் பேச்சு எழுந்தபோது, குழல்விளக்குக்குக் கீழே சாக மாட்டேன் என்று அப்பா சொல்லிவிட்டார்.

ரோஸ்வித்தாவின் முதல் கதாநாயகி வேடம், அவள் அழுகிற உச்சக்காட்சி. அதில் அவளுடைய இடது கன்னம் முழுக்க இருட்டில் போய்விட்டது. அதற்குப் பிறகு அவர் ஒளிப்பதிவு செய்த எந்தப் படத்திலும் அவள் நடிக்கவில்லை.

நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தாள். உடம்பு எப்படி என்று கேட்கவில்லை.

"என் பாதி மூஞ்சிய ஏன் மறைச்சீங்க? இன்னைக்காவது சொல்லிடுங்க."

கெஸீனா அம்மாவைப் பார்த்தாள். அப்பாவுக்கு மூச்சைச் சேர்த்துக்கொள்ள நேரமாயிற்று.

"அழுதது உன் வலது கண்ணு மட்டும்தான். இடது கண்ணு, கேமரா எங்க இருக்குன்னு பார்த்துக்கிட்டே இருந்துச்சு."

 ரோஸ்வித்தா தோள்கள் குலுங்கச் சிரித்தாள்.

"இதை அன்னைக்கே சொல்லித் தொலைச்சிருக்கலாமில்ல?"

"சொல்லியிருந்தா ரெண்டும் கேமராவப் பார்த்திருக்கும்."

அம்மா காப்பி கொண்டுவந்தாள். அப்பா கேக்கிலிருந்து ஒரு துளி பிளம் மட்டும் நாக்கில் வைத்துக்கொண்டார். புளிப்பு போதாது என்றார். பழைய இயக்குநர்களை ஒவ்வொருவராக இழுத்துவைத்துப் பேசினார்கள். கிளம்பும்போது ரோஸ்வித்தா அவர் நெற்றியில் முத்தமிட்டாள். கொஞ்சம் தூங்குகிறேன் என்றார் அவர்.

கெஸீனா கோப்பைகளைக் கழுவிக்கொண்டிருந்தபோது அம்மா கூப்பிட்டாள். குரலை உயர்த்தவில்லை.

"கெஸீனா, இங்க வா."

அம்மா அவர் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அப்பாவின் முகத்தில் வலி எதுவும் இல்லை.  கெஸீனா, இறந்தவர் இருக்கும் அறையில் வழக்கமாகச் செய்வதுபோல், ஜன்னலைத் திறந்துவிட்டாள்.

கீழே டிராம் நிறுத்தத்தில் ரோஸ்வித்தா இன்னும் நின்றிருந்தாள். பக்கத்தில் நின்ற யாரோ ஒருவரிடம் தன் கன்னத்தைத் தொட்டுக் காட்டி, கையை ஆட்டி ஆட்டி எதையோ சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தாள். கூப்பிடலாம் என்று கெஸீனா கையைத் தூக்கினாள். டிராம் வந்து அவளை ஏற்றிக்கொண்டு போகட்டும் என்று கையை இறக்கிக்கொண்டாள்.